சுருள் போனாலும் குரல் இருக்கட்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

அமெரிக்கக் கறுப்பின இயக்குநர் ஆஸ்கர் மிஷோ பற்றிய ஆவணப்படத்தைப் பேரன் போட்டுக் காட்டினான். 1920இல் அவர் எடுத்த 'விதின் அவர் கேட்ஸ்' காணாமல் போய், பல்லாண்டு கழித்து ஸ்பெயினில் ஒரேயொரு பிரதியாகக் கிடைத்ததாம். 1919இல் வந்த முதல் படம் கிடைக்கவே இல்லை.

தக்கலையில் முப்பது வருஷம் புரொஜெக்டர் ஓட்டியவன் நான். டப்பாவைத் திறந்ததும் புளித்த காடி வாடை அடித்தால் அந்தச் சுருள் பிழைக்காது. விரலில் பிசுபிசுவென்று ஒட்டும்.

1975இல் நம் அகஸ்தீஸ்வரத்தில் மறைந்த ஜே.சி. டேனியல் எடுத்த, மலையாளத்தின் முதல் படமான 'விகதகுமாரன்' சுருளும் மிஞ்சவில்லை. அதில் நடித்ததற்காகவே ஊரைவிட்டு விரட்டப்பட்ட தலித் பெண் பி.கே. ரோசி. டேனியலைக் கண்ணால் கண்ட முதியவர்கள் இருக்கும்போதே, நம் கல்லூரி மாணவர்கள் கேமராவோடு அகஸ்தீஸ்வரத்துக்குப் போக வேண்டும். துணைக்கு நானும் வருகிறேன்.

- ஓய்வுபெற்ற தியேட்டர் ஆபரேட்டர், தக்கலை