செயலாளரின் ஆண்டறிக்கை: இசைக்குழுச் சங்கம், குன்னூர்

தலைவர் அவர்களுக்கும், வந்திருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். வராதவர்களுக்கு இதன் நகல் தபாலில் போகும்.

கோடை நிகழ்ச்சியும் கிறிஸ்துமஸ் கீதங்களும் வழக்கம்போல் நடந்தன. வடகிழக்குப் பருவமழையில் ஒரு மாதம் ஒத்திகை இல்லை.

இனி விடைபெறும் கச்சேரி. ஆஸ்திரிய இசையமைப்பாளர் ஹைடனின் 45ஆம் சிம்பொனியின் கடைசிப் பகுதியை நான்தான் பிடிவாதமாகச் சேர்த்தேன் என்று பேச்சு. ஆம், நான்தான். 1772-இல், இளவரசரின் எஸ்டர்ஹாசா மாளிகையிலிருந்து ஊர் திரும்ப விடுப்புக் கிடைக்காத வாத்தியக்காரர்களுக்காக அவர் எழுதியது அது. ஒவ்வொருவராகத் தம் பங்கை வாசித்து முடித்து, விளக்கை அணைத்து எழுந்து போவார்கள். கம்பிகளைத் தாங்கும் குதிரை என்ற கட்டையில், ஒலியை அமுக்கும் மியூட் மாட்டிய இரண்டு வயலின்கள் மட்டும் மிஞ்சும். கலையப்போகும் குழு வேறெதை வாசிப்பது?

எழுந்து போவதுதானே, ஒத்திகை எதற்கு என்கிறார்கள். முதல் ஓபோ குழல்காரரும் இரண்டாம் ஹார்ன் ஊதுபவரும் முதலில் எழ வேண்டும். ஓபோ பாகத்தைக் கிளாரினெட்டுக்கு மாற்றி எழுதிக் கொடுத்துவிட்டேன். ஹார்ன் நாற்காலியோ ஒத்திகை தொடங்கும்போதே காலி. டபுள் பாஸ் வழியோரம் உட்கார வேண்டும். இல்லையென்றால் எழும்போது ஸ்டாண்டுகள் சரியும். பலகை கிரீச்சிடும் இடங்களில் கோணி விரித்தாயிற்று. மெழுகுவர்த்தி வேண்டாம், ஸ்டாண்டில் கவ்வும் பேட்டரி விளக்கு போதும். கருவிப்பெட்டியை மேடையில் மூடாதீர்கள், ஜிப் சத்தம் கடைசி வரிசைவரை கேட்கும்.

பெரிய தலைவலி சுருதி. 20 டிகிரியில் 440 ஹெர்ட்ஸ் (நொடிக்கு 440 அதிர்வு) காட்டும் குழல், ஊதிச் சூடேற்றாவிட்டால் 10 டிகிரியில் 432 பக்கம் இறங்கிவிடும். அதே குளிரில் வயலினின் எஃகுக் கம்பி சுருங்கி மேலே ஏறும். மேடை விளக்கின் சூட்டில் மறுபடி தளரும். ஆகவே அரை மணி முன்பே பெட்டியைத் திறந்து வைத்து, விளக்கைப் போட்ட பிறகே சுருதி சேர்க்க வேண்டும். எல்லோரும் வாசிக்கும்போது அமுங்கிப் போகும் பிசகு, இருவர் மிஞ்சும்போது அமுங்காது.

வரவு செலவுக் கணக்கு பொருளாளரிடம் இருக்கிறது. கையிருப்பு ஹால் முன்பணத்துக்குப் போதும், சந்தா பாக்கி வந்து சேர்ந்தால். யார் யார் என்று வாசிக்கப் போவதில்லை, அவர்களுக்கே தெரியும்.

தலைவருக்கும், தேநீர் தந்த சகோதரிகளுக்கும், மைக்செட்காரருக்கும் நன்றி.

அடுத்த ஆண்டு அறிக்கை இருக்காது, சங்கத்தைக் கலைப்பதென்று தீர்மானம். இளைஞர்கள் நாலு பேர் வயலினோடு வந்தால் தீர்மானத்தைத் திருத்த எனக்கு ஆட்சேபணை இல்லை. ஒத்திகை ஞாயிறு மாலை 4 மணிக்கு. மியூட் வைத்திருப்பவர் யாராவது கொண்டு வரவும். சங்கத்திடம் ஒன்றுதான் இருக்கிறது.