பிள்ளையைப் பார்க்கவும் 60 நாள் கெடு வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

நான் ஏற்காட்டில் இருக்கிறேன். மகனும் மருமகளும் பிரிந்துவிட்டார்கள். பேரன் மலைக்குக் கீழே அம்மாவோடு இருக்கிறான். யார்மேல் தப்பு என்று எழுத நான் வரவில்லை. மருமகள் பிள்ளையை நன்றாகத்தான் பார்த்துக்கொள்கிறாள். கேஸ் முடியும்வரை பிள்ளையைப் பார்க்க அனுமதி கேட்டு மகன் போட்ட இடைக்கால மனு, ஏழு மாதம் இழுத்தது. அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம்.

ஒரு வாய்தாவுக்கு எதிர்மனு வரவில்லை. ஒரு வாய்தாவுக்கு வக்கீல் வரவில்லை. அப்புறம் சமரசப் பேச்சு என்று இரண்டு வாய்தா போனது. ஒவ்வொரு தடவையும் மகன் விடிகாலையில் இருபது கொண்டை ஊசி வளைவும் இறங்கிப் போவான். இருட்டியபிறகு வந்து, சாப்பிடாமல் படுத்துவிடுவான்.

கடைசியில் மாதம் இரண்டு சனிக்கிழமை, இரண்டு மணி நேரம் பார்க்கலாம் என்று உத்தரவு வந்தது. முதல் நாள் நானும் போனேன். பேரன் பையை மடியிலிருந்து இறக்கவே இல்லை. கொய்யாப்பழத்தை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு, "நீங்க எப்ப ஊருக்குப் போவீங்க?" என்று கேட்டான். என்னை "அப்பாயி, நீ வா, நீ போ" என்று கூப்பிட்டுக்கொண்டிருந்த பிள்ளை. யாரும் அப்படிச் சொல்லிக் கொடுத்திருக்க மாட்டார்கள். ஆறு வயதுப் பிள்ளைக்கு ஏழு மாதம் பழக்கம் விட்டுப்போனால் போதும், சொந்தப் பாட்டியும் வெளியாள்தான்.

தாய்மாருக்கும் இதே கதிதான். அன்றைக்குக் கோர்ட் வராண்டாவில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள். மூன்று வயதுக் குழந்தையை மாமியார் வீட்டில் வைத்துக்கொண்டு அவளை வெளியே அனுப்பிவிட்டார்களாம். ஐந்து வயது முடியாத குழந்தை சாதாரணமாகத் தாயிடம்தான் இருக்க வேண்டும் என்று 1956-ஆம் ஆண்டுச் சட்டமே சொல்கிறது. ஆனாலும் அவளும் வாய்தாவுக்காகத்தான் காத்திருந்தாள். நாள் போகப்போக, "குழந்தை இங்கேயே பழகிவிட்டது, இடம் மாற்ற வேண்டாம்" என்று வாதாடுவதும் சுலபமாகிவிடுகிறது. இடைக்காலம் என்று ஆரம்பித்தது அப்படியே நிலைத்துவிடுகிறது.

எங்கள் வக்கீல் ஒன்று சொன்னார். இந்து திருமணச் சட்டம் 26-ஆம் பிரிவில், கேஸ் நடக்கும்போது பிள்ளையின் பராமரிப்புக்கும் படிப்புக்கும் போடும் மனுவைக் கூடியமட்டும் 60 நாளில் முடிக்க வேண்டும் என்று 2001-இல் சேர்த்திருக்கிறார்கள். பிள்ளை யாரிடம் இருப்பது, மற்றவர் எப்போது பார்ப்பது என்பதற்கு அதே பிரிவில் அந்தக் கெடு இல்லை. ஸ்கூல் ஃபீஸுக்குக் கெடு உண்டு, அப்பாவையோ அம்மாவையோ பார்ப்பதற்கு இல்லை என்றால் எப்படிச் சரியாகும்? அதையும் 60 நாளுக்குள் கொண்டுவர வேண்டும். அடி, உதை என்று பயம் இருக்கிற இடத்தில் மூன்றாம் மனிதர் முன்னிலையில் பார்க்க வைக்கலாம்.

சட்டம் திருத்த நாளாகும் என்றால், அதுவரை போனையாவது பிள்ளை கையில் கொடுங்கள். தனி காரணம் எதுவும் இல்லாவிட்டால், பிள்ளையைப் பிரிந்திருப்பவர் தினமும் 5 முதல் 10 நிமிடம் அதனோடு பேச உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றம் 2020-இலேயே சொல்லிவிட்டது. முதல் வாய்தாவிலேயே ஒரு வரி உத்தரவு போட்டால் அன்று சாயங்காலமே பேசலாம்.

– ஒரு பாட்டி, ஏற்காடு