ஊமைப்படத்தில் ஒரு பாட்டு

அன்புள்ள பாப்பா,

நேற்று போனில் நீ பேசியதே மனதில் ஓடிக்கொண்டிருக்கிறது. படமெடுக்கப் போய்ப் பத்து நாளாக ஸ்காட்லாந்துத் தீவில் இருக்கிறாய், கடலும் மேகமும் ஆடும்தான் கேமராவில் இருக்கின்றன, கேமராவைத் தூக்கினாலே நீ படமெடுக்கிற அந்தப் பாட்டி தன் ஊர் மொழியான கேலிக்கை விட்டு இங்கிலீஷுக்குத் தாவிவிடுகிறார் என்று அழாத குறையாகச் சொன்னாய். எனக்கு உடனே, அந்தத் தீவின் கேலிக் பாட்டுகளைச் சேகரித்துப் படமும் எடுத்த அமெரிக்கப் பெண் மார்கரெட் ஃபே ஷா நினைவுக்கு வந்தார். அவர் எடுத்த படங்களை எனக்குக் காட்டியவளே நீதான். அப்புறம் உட்கார்ந்து தேடித் தேடிப் படித்தது நான்.

1903-இல் பென்சில்வேனியாவில் பிறந்தவர். சின்ன வயதிலேயே அப்பா, அம்மா இருவரும் போய்விட்டார்கள். ஸ்காட்லாந்தில் பள்ளியில் படிக்கும்போது, மார்ஜரி கென்னடி-ஃப்ரேசர் என்ற பாடகி பியானோவுக்கு ஏற்ப மெருகேற்றிய கேலிக் பாட்டுகளைக் கேட்கிறார். அழகாகத்தான் இருந்திருக்கும். ஆனால் மெருகேற்றுவதற்கு முன்னால் அது எப்படி இருந்தது என்ற நமைச்சல் இவருக்கு விடவில்லை. 1929-இல் நீ இப்போது இருக்கிற அதே சவுத் யூயிஸ்ட்டுக்கு வந்து, ஓர் அக்கா தங்கை வீட்டில் தங்கினார். கரண்ட் கிடையாது, குழாய் கிடையாது. ஒரு மாதமோ இரண்டு மாதமோ இல்லை, ஆறு வருஷம்!

துணியை அடித்துப் பதப்படுத்தும்போது பெண்கள் பாடுகிற பாட்டுகளைப் பற்றிப் படித்துவிட்டு அன்றைக்கு எனக்குத் தூக்கமே வரவில்லை. தறியிலிருந்து வந்த கம்பளித் துணியைப் பழைய மூத்திரத்தில் ஊறவைத்து (முகத்தைச் சுளிக்காதே, அதுதான் அவர்கள் சோப்பு) பலகையைச் சுற்றி உட்கார்ந்து அடிப்பார்கள். ஒருத்தி அடி எடுத்துக்கொடுக்க, மற்றவர்கள் பின்பாட்டு. பின்பாட்டில் பாதி நம் தில்லானா போல அர்த்தமில்லாத அசைகள்தான். தாளம் தப்பினால் கை இடிபடும்.

மார்கரெட் எடுத்ததெல்லாம் ஊமைப்படம். ஆட்கள் நடமாடுவார்கள், குரல் வராது. ஆனால் பியானோ படித்தவர் இல்லையா, பாடக் கேட்டதை ஸ்வரமாக நோட்டில் எழுதிக்கொண்டே இருந்தார். 1955-இல் அது பெரிய புத்தகமாக வந்தது. பாட்டு வாத்தியாராக முப்பது வருஷம் இருந்தவள் சொல்கிறேன், ஒரே பாட்டைப் பத்துத் தடவை பாடச் சொல்லாமல் அப்படி எழுத முடியாது. யாரோ தெரியாதவருக்குப் பத்துத் தடவை எவரும் பாட மாட்டார்கள்.

பிறகு கணவரோடு கன்னா தீவில் குடியேறி, 101 வயது வரை இருந்தார். அந்தத் தீவையே 1981-இல் ஸ்காட்லாந்து தேசிய அறக்கட்டளைக்குக் கொடுத்துவிட்டார்கள். அது தனிக் கதை.

சரி, உனக்கு ஆறு வருஷம் எங்கே கிடைக்கப்போகிறது? ஆறு நாள்தான் பாக்கி. நாளைக்குப் போகும்போது கேமரா பையிலேயே இருக்கட்டும். பாட்டி கையில் என்ன வேலை இருக்கிறதோ அதில் ஒரு ஓரத்தைப் பிடித்துக்கொள். டீ கொடுத்தால் வேண்டாம் என்காதே.

இன்னொன்று. கேலிக்கிலும் நம்மைப் போல நீ, நீங்கள் உண்டாம். நன்றி சொல்ல, தோழிக்கு 'தாப்பா லத்', பெரியவர்களுக்கு 'தாப்பா லீவ்'. இத்தனை நாளும் அந்தப் பாட்டியிடம் நீ 'தேங்க்யூ' என்றுதானே சொல்லிக்கொண்டிருந்தாய்?

அன்புடன்,
அம்மா