சமையல் மேடையும் ஒட்டு டைலும்

அன்பு நண்பா,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. மேடை வேலையை முடித்துவிட்டு எழுதலாம் என்றுதான் தள்ளிப்போட்டேன்.

சமையல் மேடைக் கல்லை மாற்ற இப்போது வசதிப்படவில்லை. அதனால், பின்பக்கம் பசையுள்ள வினைல் (பிளாஸ்டிக்) டைல்களை வாங்கி நானே ஒட்டினேன். ஒட்ட ஒரு மதியம் போதும். துடைக்கத்தான் இரண்டு நாள் வேண்டும். அதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன்.

முதல் தடவை சோப்புத் தண்ணீரால் துடைத்தேன். பளிச்சென்று இருக்கவே ஒட்டிவிட்டேன். மூன்றாம் நாள் சிங்க் ஓரத்தில் ஒரு டைல் நகமளவுக்குத் தூக்கிக்கொண்டது. உரித்துப் பார்த்தால் பசை முழுக்க மஞ்சள் பிசுக்கு. கல்லில் ஒட்ட வேண்டிய பசை எண்ணெயில் ஒட்டியிருக்கிறது! மனசே விட்டுப்போயிற்று. அப்புறம் எல்லாவற்றையும் ஹேர் டிரையரால் சூடுகாட்டி உரித்தேன். உரித்த டைல் மறுபடி ஒட்டாது, புதிதாகத்தான் வாங்க வேண்டியிருந்தது. இந்த முறை வெந்நீர், சோப்பு, கடைசியாக, மிச்சப் பிசுக்கை எடுக்க ஐசோபுரோபைல் ஆல்கஹால். விரலை வைத்து இழுத்தால் கீச்சென்று சத்தம் வரும்வரை துடை. வழுக்கினால் எண்ணெய் இன்னும் போகவில்லை.

ஒட்டியதும் ஒவ்வொரு டைலையும் உருளையால் நன்றாக அழுத்து. அழுத்தத்தில்தான் இந்தப் பசை பிடிக்கும். முழுப் பிடிப்பு வர ஓரிரு நாளாகும். சிங்க் விளிம்பில் தண்ணீர் இறங்காதபடி சிலிக்கோன் பசை பூசி, 24 மணி நேரம் தண்ணீர் படாமல் பார்த்துக்கொள். அடுப்பை ஒட்டிய இடத்தை நான் அப்படியே விட்டுவிட்டேன். 80 டிகிரி செல்சியஸ் வாக்கில் வினைல் இளகிவிடும், கொதிக்கிற பாத்திரம் அதைவிடச் சூடு. பாத்திரத்தை இறக்கி வைக்கவும் காய் நறுக்கவும் பலகை போட்டுக்கொள்.

உன் மேடை மரப்பலகை, ஓரம் உப்பியிருக்கிறது என்று எழுதியிருந்தாய். அதன்மேல் ஒட்டாதே. தண்ணீர் எங்கிருந்து இறங்குகிறது என்று பார்த்து முதலில் அதைச் சரிசெய்.

இது கல்லுக்கு ஈடாகாதுதான். ஆனால் பழைய கறுப்பு மேடையில் சிந்தியது எதுவும் அம்மாவின் கண்ணுக்குத் தெரியாது. இப்போது வெளிர் நிறம். நேற்று சிந்திய நாலு சொட்டுப் பாலைத் தானே பார்த்துத் துடைத்தார். எனக்கு அது போதும்.

உப்பிய ஓரத்தைப் படமெடுத்து அனுப்பு. எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்று பார்த்துச் சொல்கிறேன்.

அன்புடன்,
உன் நண்பன்