பாட்டுக்காரத் தலைமையாசிரியர்

டார்வின்,
ஆஸ்திரேலியா.

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம். உங்கள் நலத்தையும் அம்மாவின் நலத்தையும் அறிய ஆவல். என் பள்ளியில் எப்படிப்பட்ட பிள்ளைகள் படிக்கிறார்கள் என்று கேட்டிருந்தீர்கள். பல நாட்டுப் பிள்ளைகளோடு, கிழக்கே ஆர்ன்ஹெம் லேண்டிலிருந்து வந்து உறவினர் வீடுகளில் தங்கிப் படிக்கும் யோல்ங்கு இனப் பிள்ளைகளும் இருக்கிறார்கள். அவர்களைப் பற்றி எழுதுவதற்கு முன் அவர்கள் பகுதித் தலைமையாசிரியர் ஒருவரைப் பற்றி எழுத வேண்டும். தலைமையாசிரியராக ஓய்வு பெற்ற நீங்கள் அவசியம் அறிந்துகொள்ள வேண்டிய மனிதர் அவர்.

பெயர் மண்டாவுய் யூனுபிங்கு. 1956-இல் யிர்கலா என்னும் கடற்கரை ஊரில், குமாட்ஜ் குலத்தில் பிறந்தவர். அவருக்கு ஏழு வயதுகூட நிறையாத 1963-இல், அவ்வூர் நிலத்தில் அலுமினியத் தாதுவான பாக்சைட்டுக்குச் சுரங்கம் தோண்ட அரசு இடம் ஒதுக்கியது. ஊர்ப் பெரியவர்கள் தங்கள் மொழியிலும் ஆங்கிலத்திலும் தட்டச்சு செய்த மனுவை மரப்பட்டையில் ஒட்டி, சுற்றிலும் தங்கள் குலங்களுக்குரிய ஓவியங்களைத் தீட்டி, நாடாளுமன்றத்துக்கு அனுப்பினார்கள். நாடாளுமன்றம் மனுவைப் பெற்றுக்கொண்டது, ஆயினும் சுரங்கம் வந்தது. அம்மக்களுக்கு ஓவியமும் பாட்டும் பொழுதுபோக்கு அல்ல, நிலம் யாருடையது என்று சொல்லும் பத்திரங்கள். இதை மனத்தில் கொண்டால்தான், ஒரு பள்ளி ஆசிரியர் ஏன் ராக் இசைக் குழு ஒன்றுக்குத் தலைமை தாங்கினார் என்பது விளங்கும்.

ஆர்ன்ஹெம் லேண்டிலிருந்து பல்கலைக்கழகப் பட்டம் பெற்ற முதல் பழங்குடியினர் அவர். டீக்கின் பல்கலைக்கழகத்தில் கல்வியியல் படித்தார். 1990-இல் யிர்கலா பள்ளியின் தலைமைப் பொறுப்பை ஏற்றபோது, ஆஸ்திரேலியாவில் அப்பதவிக்கு வந்த முதல் பழங்குடியினர் என்ற பெயரும் அவருக்குக் கிடைத்தது. அந்தப் பள்ளியில் அவரும் உடனிருந்த ஆசிரியர்களும் செய்த வேலைதான் என்னை மிகவும் ஈர்க்கிறது. ஆற்று நீரும் கடல் நீரும் கலக்கும் இடத்தை யோல்ங்கு மக்கள் கன்மா என்கிறார்கள். இரண்டு நீரும் ஒன்றையொன்று அழிக்காமல் கலப்பதுபோல யோல்ங்கு அறிவும் மேலை அறிவும் வகுப்பறையில் சந்திக்க வேண்டும் என்பது அவர்களின் கொள்கை. கணிதப் பாடத்தில், எண்களின் ஒழுங்குக்கு இணையாகத் தங்கள் உறவுமுறையின் ஒழுங்கையும் கற்பித்தார்கள். யார் யாருக்கு என்ன உறவு என்பது தலைமுறை தலைமுறையாக மாறாத வரிசையில் சுழன்று வரும். அதை மனக்கணக்காகவே சொல்லும் பிள்ளையிடம் உனக்குக் கணக்கு வராது என்று எப்படிச் சொல்ல முடியும்? எதைக் கற்பிப்பது என்பதை ஊர்ப் பெரியவர்களும் சேர்ந்தே முடிவு செய்தார்கள்.

இசைக் குழுவின் பெயர் யொத்து யிந்தி, 1986-இல் தொடங்கியது. யோல்ங்கு இளைஞர்களும் வெள்ளைக்கார இசைக்கலைஞர்களும் சேர்ந்து, யிடாகி என்னும் நீண்ட மரக்குழலையும் பில்மா என்னும் தாளக் கட்டைகளையும் மின்கிதாரோடு இணைத்தார்கள். ஆசிரியப் பணி இருந்ததால் தொடக்கத்தில் பள்ளி விடுமுறைகளில்தான் வெளியூர்க் கச்சேரிகளுக்குச் செல்ல முடிந்ததாம். 1988-இல் பருங்கா என்ற ஊரில் பிரதமர் பாப் ஹாக், பழங்குடியினருடன் உடன்படிக்கை செய்துகொள்வதாக வாக்களித்தார், அது நிறைவேறவில்லை. அந்த வாக்கை நினைவூட்டும் ‘ட்ரீட்டி’ என்ற பாடலை, ஆஸ்திரேலியப் பாடகர் பால் கெல்லி முதலியவர்களோடு சேர்ந்து இயற்றி 1991-இல் வெளியிட்டார்கள். நடன அரங்குகளுக்கென மறுகலவை செய்யப்பட்ட பிறகு, பெரும்பகுதி குமாட்ஜ் மொழியில் அமைந்த அப்பாடல் நாடெங்கும் ஒலித்தது. தங்கள் நாட்டிலேயே இப்படி ஒரு மொழி இருப்பதைப் பலர் அன்றுதான் காதால் கேட்டிருப்பார்கள்.

பிறகு அவர் பள்ளிப் பொறுப்பை விட்டு முழுநேரமும் இசைக்கு வந்தார். கல்வியை விட்டுவிட்டார் என்று நான் கருதவில்லை. வகுப்பறை பெரிதாயிற்று, அவ்வளவுதான். 1992-க்கான ‘ஆண்டின் சிறந்த ஆஸ்திரேலியர்’ விருது அவருக்குக் கிடைத்தது. 1999-இல் அவர் குடும்பத்தினர் முன்னின்று தொடங்கிய கார்மா விழா இன்றும் குல்குலா என்ற இடத்தில் நடைபெறுகிறது. அங்கே ஆட்டமும் பாட்டும் கல்வி பற்றிய விவாதமும் ஒருசேர உண்டு.

பிற்காலத்தில் சிறுநீரக நோய் அவரை வாட்டியது. இந்நோய் இங்குள்ள பழங்குடியினரை மற்றவர்களைவிடப் பல மடங்கு அதிகமாகத் தாக்குகிறது. டயாலிசிஸுக்காக ஊரையும் உறவையும் விட்டு டார்வினில் வந்து கிடப்பவர்களை நான் நேரில் காண்கிறேன். எங்கள் மாணவர் சிலர் இங்கு படிப்பதற்குக் காரணமே பாட்டியின் சிகிச்சைதான். யூனுபிங்கு 2013 ஜூன் 2 அன்று யிர்கலாவில் காலமானார், வயது 56. இறந்தவர் பெயரைச் சொல்லாத மரபுக்கு மதிப்பளித்து, அப்போது செய்தித்தாள்கள் பல ‘டாக்டர் யூனுபிங்கு’ என்றே எழுதின. நாடு முழுமைக்குமான உடன்படிக்கை இன்னும் கையெழுத்தாகவில்லை.

அவர் நோயுற்றிருந்த 2008-இல், டார்வினும் யிர்கலாவும் அடங்கிய இந்த வடக்கு ஆட்சிப்பகுதியின் பள்ளிகளில் தினமும் முதல் நான்கு மணி நேரமும் ஆங்கிலத்திலேயே கற்பிக்க வேண்டும் என்று அரசு ஆணையிட்டது. யிர்கலா ஆசிரியர்கள் அதை வெளிப்படையாக எதிர்த்தார்கள். அவர் பயிற்றுவித்த துணிவு அது என்றே நான் நம்புகிறேன்.

அப்பா, நீங்கள் ஊர்ப்புறப் பிள்ளைகளுக்குப் பாட்டாகவே இலக்கணம் சொல்லிக்கொடுத்தீர்களே, அந்தக் குறிப்பேடுகளை முடிந்தால் படமெடுத்து அனுப்பச் சொல்லுங்கள். உறவுமுறைக் கணக்கை என் வகுப்பிலும் நடத்த யோல்ங்கு உதவி ஆசிரியை ஒருவருடன் பேசி வருகிறேன். நீங்கள் பாடங்களை எப்படி வரிசைப்படுத்தினீர்கள் என்று பார்க்க வேண்டும். ஆகஸ்டில் கார்மா விழாவுக்குச் செல்லப் பள்ளியில் அனுமதி கேட்டிருக்கிறேன். கிடைத்தால் அங்கு கண்டதை விரிவாக எழுதுகிறேன். அம்மா மாத்திரைகளை நேரத்துக்குச் சாப்பிடட்டும்.

இப்படிக்கு,
உங்கள் அன்பு மகள்.