விதிமுறை எழுதும் நண்பனுக்கு

சென்னை,
ஞாயிறு காலை

அன்புள்ள நண்பா,

முட்டி வலி தேவலையா? உங்கள் பள்ளி ஆசிரியர்களுக்காக நீ எழுதிய நடத்தை விதிகளைப் படித்தேன். 'கண்ணியத்துடன் நடக்க வேண்டும்' என்று ஆறு இடத்தில் வருகிறது. யார் மறுக்கப்போகிறார்கள்? கையெழுத்துப் போட்டுவிட்டுப் போய்விடுவார்கள். எதைச் செய்யக்கூடாது என்று பெயர் சொல்லி எழுது.

கல்வி உரிமைச் சட்டத்தின் 17ஆம் பிரிவு அடிப்பதைத் தடுப்பதோடு நிற்கவில்லை, மனத் துன்புறுத்தலையும் தடுக்கிறது. மார்க்கை உரக்க வாசித்து மட்டம் தட்டுவது, வகுப்புக்கு வெளியே நிற்க வைப்பது, சாதியைத் தொட்டுப் பேசுவது எல்லாம் வரட்டும். பிரம்பு போனாலும் நாக்கு போகவில்லையே!

ஆசிரியர் தனியாக டியூஷன் எடுப்பதற்கு அதே சட்டத்தின் 28ஆம் பிரிவு தடை போடுகிறது. வகுப்பில் பாதிக் கணக்கைப் போட்டுவிட்டு மீதியைச் சாயங்காலம் வீட்டில் விற்பதுதான் அங்கே நோய். கணவர் அல்லது மனைவி பெயரில் நடத்தும் டியூஷனையும் சேர்த்து எழுது, இல்லாவிட்டால் அந்தச் சந்து வழியாகத் தப்பிவிடுவார்கள்.

வாட்ஸ்அப்பில் மாணவருடன் தனிச் செய்தியே வேண்டாம். வகுப்புக் குழுவில் பெற்றோரும் இன்னொரு ஆசிரியரும் இருக்கட்டும். பிள்ளை தனியாகச் சந்தேகம் கேட்டால் பதிலைக் குழுவில் போடச் சொல்.

பெரிய கோளாறு உன் ஒன்பதாம் விதியில். பாலியல் புகார் வந்தால் 'தலைமையாசிரியர் விசாரித்து முடிவெடுப்பார்' என்கிறாய். அதை அடித்துவிடு. பிள்ளைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் போக்சோ சட்டத்தின் 19ஆம் பிரிவுப்படி, விஷயம் தெரிந்தவர் உள்ளூர்க் காவல் நிலையத்திலோ சிறார் காவல் பிரிவிலோ சொல்லியாக வேண்டும். தலைமையாசிரியரிடம் சொன்னதோடு ஆசிரியரின் கடமை தீராது. சொல்லாமல் விட்டால் 6 மாதம் வரை சிறை. தனக்குக் கீழே வேலை செய்பவரின் குற்றத்தை நிர்வாகி மறைத்தால் ஓராண்டு வரை. நல்லெண்ணத்தோடு சொன்னவர்மேல் வழக்கு வராது என்பதையும் எழுது, பாதிப் பயம் அதில்தான்.

பிள்ளை வாய் திறக்கும் அந்த நிமிடத்துக்கும் வழி சொல்ல வேண்டும். 'யாரிடமும் சொல்லமாட்டேன்' என்று வாக்குக் கொடுக்கக்கூடாது. 'அவர் இங்கே தொட்டாரா?' என்று வார்த்தையை எடுத்துக் கொடுக்கக்கூடாது. பின்னால் நீதிமன்றத்தில் அதுவே பிள்ளைக்கு எதிராகத் திரும்பும். கேட்டதை அதே சொற்களில், தேதி, நேரத்தோடு எழுதிக்கொள்ளட்டும். குற்றம் சாட்டப்பட்டவரைக் கூப்பிட்டு எதிரில் நிறுத்துகிற 'சமரசம்' கூடவே கூடாது. குழந்தைகள் உதவி எண் 1098ஐ ஆசிரியர் அறைக் கதவில் ஒட்டு.

நான்கு பக்கத்துக்குள் முடி. திருத்தியதை அனுப்பு, ஒன்பதாம் விதியை இன்னொரு தடவை பார்த்துவிடுகிறேன்.

அன்புடன்,
உன் பழைய பெஞ்சுக்காரன்