தடத்துக்கு ஒரு கையெழுத்து வேண்டும்

மாவட்ட வன உரிமைக் குழுவின் தலைவராகிய ஆட்சியர் அவர்களுக்கும், குழு உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

மலைமேல் எங்கள் வீட்டிலிருந்து அடிவாரத் தார்ச்சாலைக்கு இறங்கும் மண்தடத்தை ஜீப் போகும் அளவுக்குச் சீர்செய்யக் கிராமசபை போட்ட தீர்மானம், வனத்துறை ஒப்பாததால் உங்களிடம் வந்து கிடக்கிறது. பின்னணி உங்களுக்குத் தெரியும். போன மழையில் நடந்ததை மட்டும் சொல்கிறேன்.

சாமைக்காட்டில் வழுக்கி விழுந்து அம்மாவுக்கு இடுப்பெலும்பு முறிந்தது. மூங்கிலில் கம்பளியைக் கட்டி டோலியில் தூக்கினோம். ஓடையில் இடுப்பளவு தண்ணீர். அதைத் தாண்டினால் தோள் மாற்றக்கூட இடமில்லாத சரிவு. ஒரு வளைவில் யானை நின்றது. டோலியை இறக்கி வைத்துவிட்டு அது விலகும்வரை காத்திருந்தோம். அம்மா முந்தானையைப் பல்லில் கடித்துக்கொண்டு கிடந்தாள். வாய்விட்டு அழுதால் யானை திரும்பிவிடும் என்று அவளுக்குத் தெரியும். 108 வண்டி அடிவாரத்துக்கு வந்து நின்றிருந்தது. அதற்குமேல் அது வர வழியில்லை. இன்றும் அவளால் தடி இல்லாமல் எழ முடியவில்லை.

அந்தத் தடத்துக்குத்தான் கையெழுத்துக் கேட்கிறோம்.

"கீழே வந்து குடியிருங்களேன்" என்று எங்களுக்குச் சொல்லப்பட்டது. மலைமேல் நாங்கள் குடியிருக்கும் நிலத்துக்கு வன உரிமைப் பட்டா கொடுத்தது அரசுதான். அதை விற்க முடியாது, வேறு யாருக்கும் மாற்றித் தர முடியாது, வாரிசுகளுக்கு மட்டுமே சேரும் என்கிறது சட்டம். பரண்மேல் படுத்துப் பன்றிக்குக் காவல் இருந்து வளர்ந்தவன் நான். என் பிள்ளைகளுக்கும் அந்த மண்ணை எழுதிக் கொடுத்துவிட்டு, அங்கே போகும் வழியை மட்டும் ஏன் மறுக்கிறீர்கள்?

காடு அழிந்துவிடும் என்கிறார்கள். காடு அழிந்தால் முதலில் பட்டினி கிடப்பவர்கள் நாங்கள். 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டத்தின் பிரிவு 3(2), சாலை, பள்ளி, குடிநீர் உட்பட 13 வசதிகளுக்கு இடம் கொடுத்திருக்கிறது. ஒவ்வொன்றுக்கும் நிலம் 1 ஹெக்டேருக்குள் இருக்க வேண்டும், ஹெக்டேருக்கு 75 மரங்களுக்கு மேல் வெட்டக் கூடாது, கிராமசபை பரிந்துரைக்க வேண்டும். 3 மீட்டர் அகலத்தில் 3 கிலோமீட்டர் போட்டாலும் 1 ஹெக்டேர் வராது. எங்கள் தடம் அதைவிடக் குறைவு. மரம் எதையும் வெட்டச் சொல்லவில்லை. ஓடைமேல் ஒரு சிறுபாலம், சரிவில் கல்கட்டு, அவ்வளவுதான்.

ஓட்டுக்கு மட்டும் மலையேற எப்படியோ வழி பிறந்துவிடுகிறது. 2019 தேர்தலில் தருமபுரி மாவட்டத்துக் கோட்டூர் மலைக்கு வாக்கு இயந்திரங்கள் கழுதைமேல் ஏறின. இயந்திரம் பத்திரமாகப் போய்த் திரும்ப எத்தனை அதிகாரிகள், எத்தனை காவலர்கள்! நோயாளி இறங்கும்போது கூட வருவதற்கு யாரும் இல்லை. ஓட்டுப் போட்ட விரலின் மை காய்வதற்குள் எங்களை மறந்துவிடுகிறார்கள்.

வார்த்தை தடித்திருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். அக்டோபரில் வடகிழக்குப் பருவமழை பிடித்துவிடும். அதற்குமுன் குழுவைக் கூட்டி, எங்கள் தடத்துக்கு அனுமதி தாருங்கள். மறுப்பதானால் காரணத்தை எழுத்தில் தாருங்கள். முடிவெடுக்குமுன் உங்களில் ஒருவராவது அந்தத் தடத்தில் நடந்து பார்க்க வேண்டுமென்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். அடிவாரத்தில் வந்து நின்று அழைத்துப் போக நாங்கள் தயார்.

இப்படிக்கு,
மலைமேல் குடியிருக்கும் பட்டாதாரரின் மகன்